ஆஸ்டின் டவுனும் இரண்டு தாய்மாரும்

மதுரையிலிருந்து ராத்திரி கிளம்புகிற ஆம்னி பஸ் விடியும் நேரத்தில் மடிவாளாவில் இறக்கிவிடும். பெங்களூருக்கு வேலை தேடி, படிப்பு தேடி, வைத்தியம் தேடி வருகிற தமிழர்கள் பலருக்கு அந்த ஊரில் முதலில் கால் படுகிற இடம் அதுதான். சேலம், கோவை, சென்னை என்று கூவுகிற குரல்கள், காய்கறி மூட்டை இறக்குகிற வேன்கள், பையைத் தோளில் மாட்டிக்கொண்டு ஆட்டோவுக்குப் பேரம் பேசுகிற பையன்கள். இந்தச் சந்தடி நடக்கிற ஓசூர் சாலையிலேயே கர்நாடக அரசின் தடய அறிவியல் ஆய்வகமும் இருக்கிறது. மாநிலத்தின் பல பக்கங்களிலிருந்தும் போலீஸ்காரர்கள் முத்திரை வைத்த உறைகளோடு அந்த வாசலுக்கு வருவார்கள். கத்தி வரும், துணி வரும், எலும்பு வரும். சில உறைகளில் உலர்ந்த ரத்தத் துளி மட்டும் இருக்கும்: இது யார் பிள்ளை என்று கேட்டு.

நான் பெங்களூருக்கு வந்த காரணம் அப்படிப்பட்ட ஒரு பிள்ளைதான். அதை நேரில் பார்க்க வரவில்லை, பார்க்கவும் கூடாது. அது காணாமல் போன இடத்தையும், திரும்பிக் கிடைத்த இடத்தையும் நடந்து பார்க்க வேண்டும் என்றிருந்தது. இந்த வழக்கின் தீர்ப்பைப் படித்த நாளிலிருந்து மனத்தை விட்டு அகலாத ஆசை அது.

2020 மே 29. ஊரடங்குக் காலம். சாமராஜ்பேட்டையில் மாநகராட்சி நடத்தும் மருத்துவமனை ஒன்றில் ஒரு பெண்ணுக்குக் குழந்தை பிறந்தது. பிறந்த அன்றே அது படுக்கையிலிருந்து காணாமல் போனது. ஓராண்டு கழித்து, 2021 மே மாத இறுதியில், போலீஸ் ஒரு மனநல மருத்துவரைக் கைது செய்தது. வடகர்நாடகத்துத் தம்பதி ஒருவரிடம், வாடகைத் தாய் மூலம் உங்களுக்குக் குழந்தை பெற்றுத் தருகிறேன் என்று சொல்லி, 14.5 லட்ச ரூபாய் வரை வாங்கிக்கொண்டு, திருடிய குழந்தையைக் கொடுத்திருந்தார். தங்கள் குழந்தை என்று நம்பித்தான் அந்தத் தம்பதி அதை வளர்த்தார்கள். டிஎன்ஏ சோதனை வந்தது. குழந்தை யாருடையது என்று தெரிந்தது. மருத்துவருக்கு 2025இல் பத்தாண்டுச் சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது.

செய்தித்தாளில் இது திருட்டுக் கதையாக வந்தது. எனக்குப் பட்டது வேறு. அறிவியலின் பெயரைச் சொல்லி ஒரு பெண்ணை ஏமாற்றி, இன்னொரு பெண்ணின் மடியைக் காலி செய்தார்கள். அதைக் கண்டுபிடித்துச் சொன்னதும் அறிவியல்தான். ஆனால் ஒரு வயதுக் குழந்தையை ஒரு தோளிலிருந்து இன்னொரு தோளுக்கு மாற்றுகிற வேலையை எந்தக் கருவியும் செய்யாது. அதை யார் செய்தார்கள், எப்படிச் செய்தார்கள் என்பதே என் கேள்வி.

மடிவாளாவிலிருந்து ஆடுகோடி, ஆனேபாளையா வழியாக ஆட்டோ ஆஸ்டின் டவுனுக்குள் நுழையும்போது ஊரின் பேச்சே மாறிவிடுகிறது. சித்தி வீடு இங்கேதான். கதவைத் திறந்தால் எதிர்வீட்டில் தமிழ், மாடியில் கன்னடம், தெருமுனை இறைச்சிக் கடையில் உருது, மைதானத்துக்குப் போகிற பையன்களிடம் எல்லாம் கலந்த ஒன்று. பக்கத்தில் வண்ணாரப்பேட்டை, நீலசந்திரா, விவேக்நகர். வெள்ளைக்காரர்களின் படைமுகாம் ஊராக இருந்த காலத்தில் பிழைக்க வந்த தமிழ்க் குடும்பங்களின் நான்காம், ஐந்தாம் தலைமுறை இங்கே பந்து உதைத்துக்கொண்டிருக்கிறது. ஆஸ்டின் டவுனில் கால்பந்தைக் கேட்காமல் திரும்பி வர முடியாது. காலையில் பல் விளக்கும்போதே மைதானத்து விசில் கேட்கிறது.

ஆவணங்களில் இந்தப் பகுதிக்கு ஃபெர்டினாண்ட் கிட்டல் பெயர் சூட்டியிருக்கிறார்கள். பேச்சில் ஆஸ்டின் டவுன்தான். 1853இல் பாசல் மிஷனால் அனுப்பப்பட்டு இந்தியா வந்த ஜெர்மானியர் கிட்டல். 1894இல் வெளிவந்த அவருடைய கன்னட – ஆங்கில அகராதி இன்றும் அறிஞர்களின் மேசையில் இருக்கிறது. அந்த மிஷனில் ஒரு வழக்கம் இருந்தது. இங்கே பணியாற்றியவர்கள் தங்கள் பிள்ளைகளை ஆறேழு வயதில் கப்பலேற்றி ஐரோப்பாவுக்கு அனுப்பிவிட வேண்டும். அங்கே மிஷன் இல்லத்தில் வளர்ந்த பிள்ளைகள் பல ஆண்டுகள் தாய் தகப்பன் முகத்தையே பார்க்காமல் இருந்தார்கள். திரும்பச் சந்தித்தபோது பலருக்கு அவர்கள் அந்நியர்கள். அவர்களுக்கு ரத்த உறவில் சந்தேகமே இல்லை. பிள்ளை யாருடையது என்று எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் பிரிவு பிரிவாகவே நின்றது. இந்தப் பகுதிக்குக் கிட்டல் பெயரை வைத்தவர்கள் இதை நினைத்திருக்க மாட்டார்கள். எனக்கு அந்த இரண்டு நாளும் இது நினைவில் ஓடிக்கொண்டே இருந்தது.

டிஎன்ஏ சோதனை என்றதும் நமக்குக் கொலை வழக்குதான் ஞாபகம் வரும். அதன் முதல் வேலை கொலைகாரனைப் பிடித்தது அல்ல. 1984 செப்டம்பரில் இங்கிலாந்தின் லெஸ்டர் பல்கலைக்கழகத்தில் அலெக் ஜெஃப்ரீஸ் இதைக் கண்டுபிடித்தார். அடுத்த ஆண்டே ஒரு வழக்கறிஞர் அவரை நாடினார். கானா நாட்டிலிருந்து லண்டனுக்குத் திரும்பி வந்த ஒரு சிறுவனை, இவன் அந்தத் தாயின் மகன்தானா என்று சந்தேகப்பட்டு அதிகாரிகள் உள்ளே விட மறுத்திருந்தார்கள். தகப்பன் கிடைக்கவில்லை. தாயின் ரத்தத்தையும் அவளிடம் இருந்த மற்ற மூன்று பிள்ளைகளின் ரத்தத்தையும் வைத்து, இவன் அவள் மகனேதான் என்று ஜெஃப்ரீஸ் காட்டினார். சிறுவன் வீட்டுக்குப் போனான். கொலை வழக்குகள் அதற்குப் பிறகு வந்தவை. தாயிடம் பிள்ளையைச் சேர்ப்பதில்தான் இந்த அறிவியல் தொடங்கியது என்பதை நம் பள்ளிப் புத்தகங்களில் பெரிய எழுத்தில் போட வேண்டும் என்று நினைக்கிறேன்.

இந்தியாவில் இதைச் சொந்தமாக உருவாக்கியவர் ஹைதராபாத் செல் – மூலக்கூறு உயிரியல் மையத்தின் லால்ஜி சிங். பாம்பின் மரபணுவில் ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தவர். கட்டுவிரியன் வகைப் பாம்பிலிருந்து எடுத்த ஒரு துண்டுதான் மனிதர்களை அடையாளம் காட்டும் கருவியானது. அது முதலில் ஏறிய நீதிமன்றப் படி கேரளத்தின் தலச்சேரியில். அங்கேயும் ஒரு பிள்ளையின் வழக்குதான்: தகப்பன் யார் என்பது கேள்வி. 1991இல் கேரள உயர் நீதிமன்றமும் அந்தச் சான்றை ஏற்றது.

இப்போது நடக்கிற முறை அன்றைய முறையைவிட எளிது. விரல் நுனியில் குத்தி ஒரு துளி ரத்தத்தைத் தடித்த காகித அட்டையில் விட்டு உலர வைப்பார்கள். கன்னத்தின் உட்பக்கம் பஞ்சுக் குச்சியால் தேய்த்து எடுத்தாலும் போதும். அட்டையிலிருந்து குண்டூசித் தலை அளவு வட்டத்தை வெட்டி எடுத்து, அதிலிருக்கிற மரபணுவில் குறிப்பிட்ட சில இடங்களை மட்டும் லட்சக்கணக்கில் நகலெடுப்பார்கள். அந்த இடங்களில் சில எழுத்துகள் திரும்பத் திரும்ப வரும். எத்தனை முறை வருகிறது என்பது ஆளுக்கு ஆள் மாறும். ஒவ்வோர் இடத்திலும் நமக்கு இரண்டு எண்கள் உண்டு. ஒன்று அம்மா தந்தது, ஒன்று அப்பா தந்தது. தாய்க்கு ஓர் இடத்தில் 14, 17 என்று வைத்துக்கொள்வோம். அவள் பிள்ளை என்றால் அந்த இடத்தில் 14 அல்லது 17 கட்டாயம் இருக்க வேண்டும். இருபது இடங்களை இப்படிப் பார்த்து, எல்லா இடத்திலும் பாதி தாயிடமிருந்தும் பாதி தகப்பனிடமிருந்தும் வந்திருந்தால், தற்செயல் என்று சொல்ல வழியில்லை. பல இடங்களில் பொருந்தவில்லை என்றால் பேச்சே இல்லை. அந்த வடகர்நாடகத்துத் தாய்க்கு வந்தது இந்த இரண்டாவது பதில்.

வியாழக்கிழமை மாலை சித்தி விவேக்நகர் குழந்தை இயேசு ஆலயத்துக்குக் கூட்டிக்கொண்டு போனாள். ஆஸ்டின் டவுனிலிருந்து நடக்கிற தூரம். வியாழன் அன்று அந்தத் தெருவில் வண்டி நகராது. தமிழிலும் கன்னடத்திலும் ஆங்கிலத்திலும் பூசை நடக்கும். குங்குமம் வைத்த பெண்களும் பர்தா போட்ட பெண்களும் வரிசையில் நிற்கிறார்கள். வாசலோரம் மெழுகுவர்த்தி விற்கிற பாட்டியிடம் ஒரு கட்டு வாங்கினேன்.

“என்ன வேண்டுதலும்மா? புள்ளையா?”

“எனக்கு இல்ல பாட்டி. சும்மா வந்தேன்.”

“புள்ள வேணும்னு வர்றவங்க ஒரு கூட்டம். போன புள்ள திரும்பி வரணும்னு வர்றவங்க இன்னொரு கூட்டம். ரெண்டாவது கூட்டம் மெழுகுவத்தி வாங்கினா காசு எண்ணவே மாட்டாங்க. சில்லறைய நான்தான் கூப்பிட்டுக் குடுக்கணும்.”

உள்ளே குழந்தை இயேசுவின் சிறிய உருவம், கிரீடமும் பட்டுமாக. அதன் முன்னால் மண்டியிட்டிருந்த ஒரு நடுவயது அம்மா ஒரு பாஸ்போர்ட் அளவுப் படத்தை இரண்டு விரலில் பிடித்துக்கொண்டிருந்தார். படத்தில் இளைஞன் ஒருவன். அவன் இறந்துவிட்டானா, கோபித்துக்கொண்டு போய்விட்டானா, தூர தேசத்தில் இருந்துகொண்டு போன் எடுக்காமல் இருக்கிறானா, கேட்கத் துணிவு வரவில்லை. சித்தி மட்டும் வெளியே வந்ததும், “இந்த ஊர்ல பாதி வீட்ல இதான் கதை” என்றாள்.

மறுநாள் சாமராஜ்பேட்டை. ஜான்சன் மார்க்கெட் பக்கம் போய், சாந்தி நகர் தாண்டி, லால்பாக் ஓரமாக. பழைய கல்வீடுகளும் அச்சகங்களும் பூக்கடைகளும் உள்ள நெருக்கமான பேட்டை. மருத்துவமனை வாசலில் அதிக நேரம் நிற்கவில்லை. பிள்ளை பெற்றவர்களின் உறவினர்கள் பிளாஸ்கும் துணிப்பையுமாக உட்கார்ந்திருக்கிற இடத்தில் வேடிக்கை பார்க்க வந்தவளாக நிற்பது எனக்குப் பிடிக்கவில்லை. ஆனால் ஒன்று தெரிந்தது. பொதுவாக ஒரு பிரசவத்துக்கு நாலு பேர் கூட வருவார்கள். பாட்டி ஒருத்தி கட்டிலை விட்டு நகர மாட்டாள். 2020 மே மாதத்தில் அந்தப் பாட்டிகள் எல்லாம் வீட்டில் அடைபட்டிருந்தார்கள். முகக்கவசம் போட்ட யாரும் யாராகவும் இருக்கலாம். திருடுவதற்கு அதைவிட நல்ல காலம் கிடைத்திருக்காது.

அங்கிருந்து கப்பன் பூங்கா ஓரத்துச் செங்கல் சிவப்புக் கட்டடம், கர்நாடக உயர் நீதிமன்றம். இந்த வழக்கு 2021 செப்டம்பரில் நீதிபதி கிருஷ்ண எஸ். தீட்சித் முன்னால் வந்தது. சோதனை முடிந்துவிட்டது, தாய் யார் என்று தெரிந்துவிட்டது, பிறகு என்ன வழக்கு என்று தோன்றலாம். வளர்த்த தாய் குழந்தையைத் தன்னிடமே விட்டுவிடக் கேட்டார். பெற்றவருக்கு ஏற்கெனவே இரண்டு பிள்ளைகள் இருக்கிறார்கள், இவருக்கு இல்லை என்று அவர் தரப்பு வாதிட்டது. தேவகி பெற்றாள், யசோதை வளர்த்தாள் என்ற கதையும் வந்தது. நீதிபதி இரண்டையும் ஏற்கவில்லை. எண்ணிக்கை பார்த்துப் பங்கு போட்டுக்கொள்ளக் குழந்தை ஒன்றும் சொத்து இல்லை என்றார். யசோதை கதை இங்கே துணைக்கு வராது என்றார். பாலூட்டுவது தாயின் பறிக்க முடியாத உரிமை, அரசமைப்புச் சட்டத்தின் 21ஆம் பிரிவு அதைக் காக்கிறது என்று சொன்னதுதான் மறுநாள் தலைப்புச் செய்தியானது. தாய்ப்பால் குடிக்கும் உரிமை குழந்தைக்கும் உண்டு என்று சேர்த்தே சொன்னார்.

தலைப்பில் வராததுதான் எனக்குப் பெரியது. வளர்த்த தாய் குழந்தையைப் பெற்றவரிடம் தானே ஒப்படைத்தார். வாங்கிக்கொண்ட தாய், நீங்கள் விரும்பும்போதெல்லாம் வந்து குழந்தையைப் பார்க்கலாம் என்றார். ஒருவர் இந்து, ஒருவர் முஸ்லிம். இப்படிப்பட்ட பெருந்தன்மையைக் காண்பது அரிது என்று நீதிபதியே தீர்ப்பில் பதிவு செய்தார்.

யோசித்துப் பாருங்கள். பெற்றவருக்கு அது ஒரு நாள்கூட மடியில் தங்காத பிள்ளை. ஓராண்டு அழுதிருக்கிறார். குழந்தை கைக்கு வரும்போது அதற்கு அவரைத் தெரியாது. அது அழுகிறபோது தேடுகிற முகம் வேறு. பிடிக்கிற சோறு எது, எந்தப் பாட்டுக்குத் தூங்கும், எந்தப் பக்கம் சாய்த்தால் அழுகை நிற்கும் என்பதெல்லாம் வளர்த்தவருக்குத்தான் தெரியும். ஆய்வகத்து அறிக்கையில் இந்தத் தகவல் எதுவும் இருக்காது. வரலாம், பார்க்கலாம் என்று அந்தத் தாய் சொன்னது வெறும் தயவு என்று நான் நினைக்கவில்லை. பிள்ளையைத் தன் பக்கம் திருப்ப வேண்டுமானால் அதன் பழைய தாயை எதிரியாக்கக் கூடாது என்ற தெளிவு அதில் இருக்கிறது. எந்த மனநல வகுப்பிலும் படிக்காமல் வந்த தெளிவு.

இந்தத் தெளிவுக்கு வாய்ப்பே கிடைக்காத பெற்றோர் நம் ஊரிலேயே இருக்கிறார்கள். 1999இல் சென்னைப் புளியந்தோப்பில் ஒன்றரை, இரண்டு வயதுப் பிள்ளைகள் காணாமல் போனார்கள். பல ஆண்டு கழித்துத்தான் அவர்கள் புதுப் பெயரோடும் பொய்க் காகிதங்களோடும் வெளிநாட்டுக்குத் தத்துப் போனது தெரிந்தது. ஒரு தகப்பன் மகனைத் தேடத் தன் இரண்டு குடிசைகளையும் விற்றார். அமெரிக்கப் பத்திரிகையாளர் ஸ்காட் கார்னி, 2009இல் வெளியான தன் கட்டுரைக்காக, காவல்துறை ஆவணங்களையும் முடி மாதிரிகளையும் ஒரு கோப்பில் எடுத்துக்கொண்டு அந்தப் பையன் வளர்வதாகச் சொல்லப்பட்ட அமெரிக்க வீட்டின் கதவைத் தட்டினார். இன்னொரு குடும்பத்தின் பிள்ளை நெதர்லாந்தில். 2010இல் தாய் அங்கேயே போய் டிஎன்ஏ சோதனை கேட்டு நீதிமன்றத்தில் நின்றார். பையனுக்கு அப்போது பன்னிரண்டு வயதை ஒட்டி இருக்கும். அவன் விரும்பவில்லை என்பதில் எதிர்த்தரப்பு நின்றது. சோதனை எவ்வளவு எளிது, ஒரு பஞ்சுக் குச்சி! ஆனால் அந்தக் குச்சியை வாயில் வைக்க அவன் சம்மதிக்க வேண்டும். சம்மதிப்பது அவன் உரிமைதான். மறுக்கிற பிள்ளையின் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. அவனைப் பொய்க் காகிதத்தில் ஏற்றி அனுப்பியவர்கள் மேல் வருகிறது.

ஈழத்தில் கல்முனைக் குழந்தையின் கதை பலருக்கு நினைவிருக்கும். 2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலைக்குப் பின் மருத்துவமனையில் 81ஆம் ஆளாகச் சேர்க்கப்பட்டதால் உலகம் அதை ‘81ஆம் குழந்தை’ என்று அழைத்தது. அந்தத் தமிழ்த் தம்பதிக்கு அது தங்கள் பிள்ளை என்று தெரியும்; காகிதங்களை எல்லாம் கடல் கொண்டுபோய்விட்டது. நீதிமன்றம் டிஎன்ஏ கேட்டது. 2005 பிப்ரவரியில் பிள்ளை அவர்கள் கைக்கு வந்தது. அங்கே பிரிவு ஏழெட்டு வாரம். புளியந்தோப்பில் பத்தாண்டுக்கும் மேல். காலம் நீள நீள, ஒரே சோதனையின் பலன் வேறாகிவிடுகிறது.

இந்தக் காலத்தை முன்கூட்டியே யோசித்தவர்கள் அர்ஜென்டினாவின் பாட்டிமார்கள். 1976இல் தொடங்கிய ராணுவ ஆட்சியில் கர்ப்பிணிகளைக் கடத்தி, சிறையில் பிரசவிக்க வைத்து, தாயைக் கொன்று, பிள்ளையை அதிகாரிகளின் வீடுகளுக்குக் கொடுத்தார்கள். பெற்றவர்கள் உயிரோடு இல்லை. பாட்டியின் ரத்தத்தை வைத்துப் பேரனை அடையாளம் காண முடியுமா என்று கேட்டார்கள். முடியும் என்றார் அமெரிக்க மரபியலாளர் மேரி கிளேர் கிங். பாட்டிகள் தங்களுக்கு வயதாவதை உணர்ந்து 1987இல் தேசிய மரபணு வங்கி அமையச் செய்தார்கள். தாங்கள் செத்தாலும் ரத்தத் துளி காத்திருக்கும். அவர்களின் தலைவர் எஸ்தெலா தே கார்லோட்டோவின் மகளைப் படை கொன்றது. பேரன் 2014இல் கிடைத்தான், 114ஆவது பிள்ளையாக. யாரும் அவனைப் பிடித்து இழுத்து வரவில்லை. தன் பிறப்பில் சந்தேகம் வந்து தானே சோதனைக்கு வந்தான், முப்பத்தாறு வயதில். பாட்டியின் மாதிரி வங்கியில் முன்பே காத்துக்கொண்டிருந்தது.

நம்மிடம் அப்படி ஒன்று இல்லை. காணாமல் போனவர்களுக்கும் தனிப் பட்டியல் வைத்திருந்த டிஎன்ஏ தொழில்நுட்ப மசோதாவை ஒன்றிய அரசு 2023 ஜூலையில் நாடாளுமன்றத்திலிருந்து திரும்பப் பெற்றுவிட்டது. அரசு எல்லோருடைய மரபணுவையும் சேர்த்து வைத்துக்கொள்ளும் என்ற அச்சம் அந்த மசோதாவைச் சுற்றி இருந்தது. அது நியாயமான அச்சம், நான் மறுக்கவில்லை. ஆனால் பிள்ளையைத் தொலைத்த பெற்றோர் தாங்களாக விரும்பித் தருகிற ஒரு துளி ரத்தத்தை, வேறெதற்கும் பயன்படுத்தக் கூடாது என்ற கட்டுப்பாட்டோடு, பூட்டிக் காக்க ஓர் இடம் வேண்டும். தத்துப் போன பிள்ளை பதினெட்டு வயதில் தன் வேரைத் தேட இன்றைய விதிகள் வழி விடுகின்றன. அவன் தேடி வருகிற நாளில் பெற்றவர்கள் இருப்பார்களா?

திரும்புகிற நாளில் மடிவாளாவில் பஸ்ஸுக்கு ஒரு மணி நேரம் இருந்தது. ஆய்வகத்து வாசல் வரை நடந்தேன். காவலரிடம், பெற்றவர்கள் தாங்களாக வந்து மாதிரி கொடுக்க முடியுமா என்று கேட்டேன். “இல்லம்மா, போலீஸ் லெட்டர் இல்லன்னா கோர்ட் ஆர்டர் வேணும்” என்று நல்ல தமிழில் பதில் சொன்னார். சொந்த ஊர் கிருஷ்ணகிரியாம். யாருக்காகக் கேட்கிறீர்கள் என்று விசாரித்தார். கையில் படத்தோடு மண்டியிட்டிருந்த விவேக்நகர் அம்மாவைச் சொன்னேன். முதலில் ஸ்டேஷனில் காணவில்லை என்று புகார் எழுதிக் கொடுக்கச் சொல்லுங்கள், எஃப்ஐஆர் நகலைப் பத்திரமாக வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள், அது இல்லாமல் எதுவும் நகராது என்றார். சித்திக்கு அங்கேயே போன் போட்டு, அடுத்த வியாழன் அந்த அம்மாவைப் பார்த்தால் இதைச் சொல்லிவிடும்படி சொன்னேன்.